ஏழாவது மனு

சங்கராபுரம் பக்கம் போய் ராஜாம்பாள் வீடு எது என்று கேட்டால் உதட்டைப் பிதுக்குவார்கள். "ஏழு மனு ராஜாம்பா" என்று கேளுங்கள், வாசல் வரைக்கும் கொண்டுவந்து விடுவார்கள்.

ஐம்பத்திரண்டு வயது. கணவர் போய் ஒன்பது வருஷம். ஊரார் கழனியில் நடவு நட்டு, களை பறித்து அவள் சேர்த்தது ஒரே ஒரு ஏக்கர். அதுவும் கரடு, விதைகூட முளைக்க யோசிக்கும். ஏரி வண்டல் அடித்தால்தான் அது நிலம். வண்டல் எடுக்கத் தாலுகா ஆபீஸ் அனுமதி வேண்டும். எடுக்க முடிவதோ ஏரி காய்ந்து கிடக்கும் மாதங்களில் மட்டும்.

மனு கொடுத்தாள். பதில் இல்லை. போய்க் கேட்டால் எழுத்தர், "புதுசா ஒன்னு எழுதிக் குடும்மா, பார்க்கலாம்" என்பார். அவளும் எழுதிக் கொடுப்பாள். இப்படியே ரெண்டு கோடை போயிற்று, ரசீது ஏழாயிற்று. இல்லை என்று சொல்லவாவது ஒரு வாய் வேண்டாமா? அதுவும் கிடையாது!

மூன்றாம் கோடையில் ஏழு ரசீதையும் முந்தானையில் முடிந்துகொண்டு கள்ளக்குறிச்சிக்குப் பஸ் ஏறினாள். வக்கீல் சுபஸ்ரீ ரசீதுகளைப் பார்த்துத் தலையில் அடித்துக்கொண்டாள்.

"ஏழு குடுத்ததுதாம்மா தப்பு. புதுசு வந்ததும் பழசை முடிச்சிட்டதா எழுதிடுறாங்க. எட்டாவது மட்டும் குடுக்காதீங்க. ஐகோர்ட்டுல ரிட் போடலாம்."

"கோர்ட்டு மண்ணு குடுத்துடுமா?"

"குடுக்காது. இத்தனை நாளுக்குள்ள முடிவு சொல்லுன்னு ஆபீசருக்கு உத்தரவு போடும். இல்லைன்னுகூட அவங்க சொல்லலாம். ஆனா காரணத்த எழுதிக் குடுக்கணும்."

"அது போதும் கண்ணு. இன்னாத்துக்கு இல்லைன்னு அப்பால நான் கேக்கலாம்ல?"

வழக்குப் போட்ட மறுவாரமே எழுத்தர் போனில் தேனாகப் பேசினார். "இன்னாம்மா, கோர்ட்டு கீர்ட்டுன்னு அலைஞ்சிக்கினு? புதுசா ஒன்னு எழுதிக் குடும்மா, ரெண்டே நாள்ல முடிச்சிடுறேன்."

ராஜாம்பாளுக்கு ஆசையாகத்தான் இருந்தது. ஒரு தாள், ஒரு கையெழுத்து, ரெண்டே நாள்! ஆனால் அது ஏழு தடவை கேட்ட பாட்டு.

"ஏழாவது உங்க மேசை மேலதாங்க கீது. அதுக்குப் பதில் சொல்லுங்க," என்று போனை வைத்தாள்.

ஆனியில் உத்தரவு வந்தது: நாலு வாரத்துக்குள் முடிவெடுக்க வேண்டும். பக்கத்துக் கழனி சின்னதுரைக்குச் சிரிப்பு தாங்கவில்லை. "கோர்ட்டு மண்ணு குடுக்கலக்கா, நாலு வாரம்தான் குடுத்துருக்கு!"

கல்வராயன் மலைமேல் மேகம் கூடும்போதெல்லாம் ஏரிக்குத் தண்ணீர் வந்துவிடுமோ என்று அண்ணாந்து பார்ப்பாள். ஆனாலும் விடவில்லை. உத்தரவு நகலோடு தினமும் ஆபீஸ் வாசலில் போய் நிற்பாள். "இன்னும் பத்து நாளுங்க." மறுநாள், "இன்னும் ஒம்போதுங்க." வேறு பேச்சே கிடையாது.

இருபத்தாறாம் நாள் அனுமதி கையெழுத்தாயிற்று. மழைக்கு முன்னால் பதினோரு டிராக்டர் வண்டல் அவள் கரட்டில் இறங்கியது. அள்ளி முகர்ந்து பார்த்துக் கண் கலங்கி நின்றாள்.

சின்னதுரை ஒரு தாளோடு வரப்பில் வந்தான், இப்போது சிரிப்பைக் காணோம். "யக்கா, எனக்கும் வண்டல் வேணும்னு முன்னமே ஒரு மனு குடுத்தேன். புதுசா ஒன்னு எழுதிக் குடுக்கச் சொன்னாங்க. இது சரியாக் கீதான்னு பாரு."

ராஜாம்பாள் தாளை வாங்கி இடுப்பில் செருகிக்கொண்டாள்.

"பழைய ரசீது எங்கடா? அத எடுத்துக்கினு வா."