பொன்மலைச் சங்கும் ஒரு பக்க வசனமும்

சினிமாவுக்குக் கதை எழுதுகிறவனுக்குப் பேனாவைத் திறக்க யாரும் சொல்லித்தர வேண்டாம். மூடத்தான் ஆள் வேண்டும். எழுதி, அடித்து, மறுபடி எழுதி அவதிப்படுகிற உங்களுக்கும் இது தெரிந்திருக்கும். எனக்குக் குரு கிடையாது. திருச்சி தியேட்டர்களில் டிக்கெட் வாங்கிக் கற்றுக்கொண்டவன்.

கீரை ஆய்ந்த நேரம்

நானே எழுதி இயக்கிய என் முதல் படத்தின் கடைசிக் காட்சி. பொன்மலை ரயில்வே பட்டறைத் தொழிலாளி இறந்துபோகிறார். அவர் மனைவி சமையலறையில் தனியாக உட்கார்ந்து ஒரு முழுப் பக்கம் பேசுகிறாள். ஸ்ரீரங்கம் வீட்டில் கீரை ஆய்ந்துகொண்டிருந்த என் மனைவி செண்பகத்துக்கு அதைக் குரலை ஏற்றி இறக்கி வாசித்தேன். ஒரு வரியையும் வெட்டுவதில்லை என்று முடிவு செய்துகொண்டுதான் கருத்துக் கேட்டேன்.

"நல்லாத்தாங்க இருக்கு. தனியா இருக்கறவ யாருகிட்ட இவ்வளவு பேசறா?"

சாயங்காலச் சங்கு

அந்த மனைவியாக நடித்தவர் மேரியம்மா. பட்டறைத் தொழிலாளி ஒருவரின் மனைவி. சர்ச் நாடகங்களில் நடித்தவர். அவருடைய குவார்ட்டர்ஸ் சமையலறையிலேயே படப்பிடிப்பு. அன்று மாலை ரயிலில் கேமரா சென்னைக்குத் திரும்பியாக வேண்டும். இந்தக் காட்சி இல்லாவிட்டால் படமே இல்லை. மேரியம்மாவோ ஒவ்வொரு டேக்கிலும் பாதிப் பக்கத்தில் தடுமாறினார்.

கடைசி டேக். நாலாவது வரியில் இருந்தார். பட்டறையில் வேலை விடும் சங்கு ஊதியது. சட்டென்று எழுந்தார். அடுப்பைப் பற்றவைத்தார். டீக்குத் தண்ணீர் வைத்தார். இரண்டு டம்ளர் எடுத்தார். அப்புறம்தான் கேமரா கண்ணில் பட்டது. கதையில் புருஷன் செத்துப்போனது நினைவுக்கு வந்தது. மெதுவாக அடுப்பை அணைத்தார். ஒரு டம்ளரைத் திருப்பி அலமாரியில் வைத்தார்.

நான் 'கட்' சொல்லவில்லை, கேமரா ஓடிக்கொண்டிருந்தது. மேரியம்மா என் பக்கம் திரும்பினார்.

"மன்னிச்சுக்குங்க சார். சங்கு ஊதினா அவரு வர்ற நேரம். கை தானா போயிடுச்சு."

தியேட்டர் வாசலில்

அந்த ஒரு பக்க வசனம் படத்தில் இல்லை. நாலு வரியும் ஒரு சங்கும்தான். முதல் காட்சி முடிந்து வெளியே வந்ததும் ஒருவர் என் கையைப் பிடித்துக்கொண்டு, அந்த டம்ளரை எப்படி எழுதினீர்கள் என்று கேட்டார். பக்கத்தில் செண்பகம் நின்றிருந்தாள்.

"இவரு எங்கங்க எழுதினாரு? இவரு வசனத்துலேர்ந்து அந்தம்மா தப்பிச்சாங்க."

செண்பகம் போய்ச்சேர்ந்து ஆறு வருஷமாகிறது. தினமும் சாயங்காலம் என் கை இரண்டு டம்ளரை எடுத்து ஒன்றைத் திருப்பி வைக்கிறது, பக்கம் பக்கமாக எழுதுகிற நான் அதற்கு மட்டும் இன்னும் ஒரு வரி வசனம் எழுதவில்லை.