பன்னிரண்டு ஜாடிகளும் ஒரு சிட்டிகை விபூதியும்

கனகம்மாசத்திரத்தை விட்டு நாலு கிலோமீட்டர் நடந்திருப்பேன். பின்னால் வந்த திருத்தணி பஸ் ஹாரன் அடித்து, வேகத்தைக் குறைத்து, நான் கை காட்டாததால் போய்விட்டது. ஏறியிருக்கலாம். ஆனால் என் சட்டை நாறியது. புளித்துக் கெட்டுப்போன அரிசித் தண்ணீர் வாடை… பக்கத்து சீட்டுக்காரர் என்ன பாவம் செய்தார்?

வேலையை விட்டு நடப்பது எனக்குப் புதிதல்ல. இந்தப் பத்தியை விடாமல் படிக்கிறவர்களுக்கு அது தெரியும். எட்டாவதோடு பள்ளிக்கூடத்தை விட்டபோது ஆரம்பித்த நடை. இந்த முறை வேலையே இல்லாமல் போனது. அதில் என் கையும் இருந்தது.

முதலாளி பெயர் புவனா. கெமிஸ்ட்ரி படித்தவர். சென்னையில் ஒரு க்ரீம் கம்பெனி லேபில் சில வருடம் இருந்துவிட்டு, கல்யாணமாகி இந்தப் பக்கம் வந்தவர். மாமனாருக்கு நெல்லும் கரும்பும். அவருடைய உர ஷெட்டைக் கேட்டு வாங்கி, சுண்ணாம்பு அடித்து, உள்ளே பன்னிரண்டு கண்ணாடி ஜாடிகளை வரிசையாக வைத்தார். மாமனார் போட்ட கண்டிஷன் ஒன்றுதான்: ஆடிக் கிருத்திகைக்குள் சரக்கு வெளியே போக வேண்டும். இல்லையென்றால் ஷெட் மறுபடியும் உரத்துக்கு.

ஜாடிக்குள் என்ன? அரிசி கழுவிய தண்ணீர். அதில் சீன வைத்தியர்கள் சொல்கிற வேர்கள் — ஜின்செங், நம் கடைகளிலும் கிடைக்கிற அதிமதுரம், இன்னும் பெயர் வாயில் நுழையாத இரண்டு. பொடித்துப் போட்டு இருபத்தோரு நாள் புளிக்க விட வேண்டும். புளிக்கும்போது வேரில் இருக்கிற பெரிய சங்கதிகள் உடைந்து சின்னதாகும், தோல் அதைச் சுலபமாக வாங்கிக்கொள்ளும் என்பது மேடம் எனக்குச் சொன்ன பாடம். பிறகு வடிகட்டி, தோலைத் தெளிவாக்கும் நியாசினமைடு சேர்த்து, கெடாமல் இருக்க இன்னொன்று சேர்த்து, முகத்தில் தடவும் சீரம் என்று சின்ன பாட்டிலில் அடைப்பது. சாம்பிள் பிடித்தால் தொடர்ந்து எடுத்துக்கொள்கிறேன் என்று சென்னையில் ஒருவர் சொல்லியிருந்தார்.

எல்லாம் புளிப்பில் இருக்கிறது. புளிப்பை நிறத்தில் காட்டும் பேப்பர் ஒரு துண்டை நனைத்துப் பார்க்க வேண்டும். ஆரஞ்சு வந்தால் நல்லது. பச்சைப் பக்கம் போனால் போச்சு. நம் தோலே கொஞ்சம் புளிப்புதான் என்று மேடம் ஒருநாள் சொன்னார். கூட வேலை செய்த நாகம்மா என்னைத் திரும்பிப் பார்த்தாள்.

"அதான் பாவா, உன்னப் பாத்தாலே பல்லு கூசுது."

நாகம்மா கரும்பு வெட்டப் போய்க்கொண்டிருந்தவள். வீட்டில் தெலுங்கு. என்னைப் பாவா, அதாவது மச்சான், என்பதற்கு உறவு ஒன்றும் கிடையாது, கிண்டல் செய்ய உரிமை வேண்டுமே!

முதல் முறை பத்தாம் நாளே பேப்பர் பச்சை காட்டியது. மேலே பஞ்சு மாதிரி பூஞ்சை. வெயில் என்றார் மேடம். ஜாடிகளுக்கு ஈரச் சாக்கு சுற்றினோம். இரண்டாவது முறையும் கெட்டது. தண்ணீர் என்றார். கேன் தண்ணீர் வாங்கினோம். மூன்றாவது முறை ஆரம்பித்தபோது கிருத்திகைக்கு இருபத்தைந்து நாள் இருந்தது. இது போனால் ஷெட் போகும் என்று மூன்று பேருக்கும் தெரியும்.

சென்ற வெள்ளிக்கிழமை, பதினெட்டாம் நாள். மூடியைத் திறந்ததுமே வாடை சொல்லிவிட்டது.

மேடம் ஒரு ஜாடியை மெதுவாகக் கவிழ்த்தார். அடியில் மாவு மாதிரி சாம்பல் நிறப் படிவு. ஒரு ஸ்பூன் எடுத்து நல்ல தண்ணீரில் கரைத்து, பேப்பரை நனைத்தார். நீலம். சோப்புத் தண்ணீருக்கு வருகிற நிறம்.

"இதுல யாராவது எதுனா போட்டீங்களா?"

நான் செவ்வாய்க்கிழமை தவறாமல் திருத்தணி மலைக்குப் போகிறவன். விபூதிப் பொட்டலம் இல்லாமல் திரும்பியதில்லை. குழந்தைக்குக் காய்ச்சல் என்றால் நெற்றியில் பூசிவிட்டு நாக்கிலும் கொஞ்சம் வைப்போமே… அப்படித்தான். தினமும் காலையில் ஜாடிக்கு வெளியே ஒரு கோடு, உள்ளே ஒரு சிட்டிகை.

"நான்தாங்க மேடம்" என்றேன்.

நாகம்மா தரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். "நீ மட்டுமா பாவா? சாய்ங்காலம் மூடி தொடச்சிகினு இருக்கசொல்ல நானும்தான் போட்டுகினு இருந்தேன்."

திட்டுக்குக் காத்து நின்றோம். மேடம் மேஜை டிராயரை இழுத்து ஒரு பொட்டலத்தை எடுத்து எங்கள் முன் வைத்தார். அதே மலை விபூதி. பாதி காலி.

"ரெண்டாவது தடவை கெட்டதுலேர்ந்து நானும் போடறேன்" என்றார். "மொதல்லயே போடாம விட்டதாலதான் கெட்டுதுன்னு நெனச்சேன்."

ஜாடி கெடக் கெட பயம். பயம் ஏற ஏற விபூதி. விபூதி ஏற ஏற புளிப்பு இறங்கியது. சாணி எரித்த சாம்பல் புளிப்பை அடித்துவிடும் என்பது எனக்குத் தெரியாது, நாகம்மாவுக்குத் தெரியாது. மூன்றாவது ஆளுக்கு நன்றாகத் தெரியும். தெரிந்தும் கை போயிருக்கிறது. பயந்தவர்களுக்குப் படிப்பு எந்த டிராயரில் இருக்கிறது?

இனி சரியாகச் செய்யத் தெரியும். இருபத்தோரு நாள் வேண்டும். கையில் இருப்பது ஏழு. மேடம் மாமனாரிடம் போய் ஒரு மாதம் கேட்டார். அவர் கெட்டவர் இல்லை. உர லாரிக்குச் சொல்லியாகிவிட்டது என்றார். "வுடும்மா, சாமி வுட்ட வழி" என்று சொல்லி, மாடத்திலிருந்து எடுத்து மருமகள் நெற்றியில் விபூதி பூசிவிட்டார்.

மேடம் அதைத் துடைக்கவில்லை. அப்படியே வந்து எங்களோடு சேர்ந்து பன்னிரண்டு ஜாடிகளையும் தென்னை மரக் குழியில் கொட்டினார். நாகம்மா கரும்பு வெட்டும் கத்தி எங்கே வைத்தோம் என்று தனக்குள் கேட்டுக்கொண்டே வீட்டுக்குப் போனாள். நான் பையை எடுத்துக்கொண்டு ரோட்டுக்கு வந்தேன்.

மறுநாள் காலை திருத்தணி மலையடிவாரத்தில் வேலை கிடைத்தது. மொட்டை போட்டுக்கொண்டு வருகிறவர்களுக்குத் தலையில் சந்தனம் பூச வேண்டும். கத்தி பட்ட தோலுக்குக் குளிர்ச்சி. இதுவும் ஸ்கின்கேர்தான், யாரும் அப்படிச் சொல்வதில்லை. முதல் கிண்ணத்தைக் குழைத்து முடித்ததும், ஒரு சிட்டிகை விபூதி போட்டு ஆரம்பிக்கச் சொன்னார் கடைக்காரர்.

போட்டுட்டேங்க என்றேன். போடவில்லை.