ஓடிப்போன பேயும் டெல்ஃபா மெக்ராரியும்

எங்கள் லோட்ஸ்டார் ஊரில் பேய் காட்டும் வேலை டெல்ஃபா மெக்ராரியின் கைக்கு வந்ததற்கு ஒரு வௌவால்தான் காரணம்.

அதற்கு முன் அந்த வேலையைப் பார்த்தவன் ரீனோவிலிருந்து வந்த ஒரு நாடக நடிகன். கறுப்பு அங்கி, கையில் லாந்தர், கிணற்றுக்குள்ளிருந்து பேசுகிற மாதிரி ஒரு குரல். கோடை மாலைகளில் சுற்றுலாக்காரர்களை அழைத்துக்கொண்டு தெருத்தெருவாக நடந்து, எந்தக் கட்டடத்தில் எந்தப் பேய் என்று சொல்வான். ஒரு வெள்ளிக்கிழமை பழைய சிறைக்கூடத்தின் கதவைத் திறந்தபோது உள்ளிருந்து வௌவால் ஒன்று பறந்து வந்து அவன் அங்கியின் முக்காட்டுக்குள் புகுந்துகொண்டது. அங்கி, லாந்தர், கூட்டம் எல்லாவற்றையும் நடுத்தெருவில் விட்டுவிட்டு ஓடிப் போய்க் காரில் ஏறியவன்தான். அப்புறம் ஊர்ப்பக்கம் தலைகாட்டவில்லை.

டெல்ஃபா எதிர்ப்புறம் பள்ளிக்கூட பஸ்ஸைக் கழுவிக்கொண்டிருந்தாள். சுற்றிலும் உள்ள பண்ணைகளிலிருந்து பிள்ளைகளை ஏற்றி வந்து இறக்குவது அவள் வேலை. அந்த பஸ்ஸில் சண்டை கிடையாது, ஜன்னல் வழியே கை நீட்டுவது கிடையாது. அப்படி ஒரு குரல். ஆனால் பெரியவர்கள் நாலு பேர் கூடிவிட்டால் போதும், அவளுக்கு நாக்கு ஒட்டிக்கொள்ளும். தேவாலயக் கூட்டத்தில் கேக் செய்முறை சொல்ல எழுந்தவள் "முட்டை" என்று மட்டும் சொல்லிவிட்டு உட்கார்ந்ததை நான் பார்த்திருக்கிறேன். அவளும் நானும் ஒரே வகுப்பில் படித்தவர்கள். அவள் கணவன் அலாஸ்காவுக்கு மீன் பிடிக்கப் போய் அங்கேயே இன்னொரு குடும்பம் வைத்துக்கொண்டான். "போகட்டும் வெண்டல், குறட்டைத் தொல்லை விட்டுது" என்றாள் என்னிடம். அதற்கு மேல் அதைப் பற்றிப் பேசியதில்லை.

அன்றைக்குத் தெருவில் திகைத்து நின்ற கூட்டத்தைப் பார்த்ததும் அவளுக்குப் பொறுக்கவில்லை. பிள்ளைகள் ரோட்டைக் கடக்கும்போது பிடிக்கும் சிவப்பு 'நில்' பலகையை எடுத்துக்கொண்டு வந்தாள்.

"ரெண்டு ரெண்டு பேரா நில்லுங்க. மூத்திரம் வருதுன்னா இப்பவே சொல்லுங்க, நடுவுல நிறுத்த மாட்டேன்."

வந்தவர்களில் ஒருவர் வங்கி மேலாளர், இன்னொருவர் ஓய்வு பெற்ற நீதிபதி. இருவரும் கைகோத்துக்கொண்டு வரிசையில் நின்றார்கள். பெரியவர்களைப் பிள்ளைகளாக நினைத்துக்கொண்டால் நாக்கு ஒட்டாது என்பதை டெல்ஃபா அன்று கண்டுகொண்டாள். தூக்கில் தொங்கிய சூதாடியின் கதை, கிணற்றில் விழுந்த ஷெரீப்பின் கதை, ஆர்ஜென்டா ஹோட்டலின் நீல மணப்பெண்ணின் கதை எல்லாம் ஊரில் யாருக்குத்தான் தெரியாது? அவள் சொன்னாள். கூட்டம் வாயைப் பிளந்து கேட்டது. அடுத்த வாரமே ஹோட்டல்காரன் ஆர்வில் ஸ்டிட் அந்த வேலையை அவளுக்கே கொடுத்துவிட்டான்.

டெல்ஃபாவுக்குப் பேயில் நம்பிக்கை கிடையாது. ஆனால் நீல மணப்பெண்ணின் கதையைச் சொல்லும்போது மட்டும் அவள் கண் கலங்கும். அது நடிப்பில்லை. லவீனியா என்ற அந்தப் பெண்ணுக்குப் பத்தொன்பது வயது. வெள்ளிச் சுரங்கத்தின் சொந்தக்காரர் கர்னல் டாசனுக்கு அவளைக் கட்டிக்கொடுக்க அப்பன் ஒப்புக்கொண்டான். கல்யாணத்துக்கு முந்தைய இரவு ஹோட்டலின் மாடியறையில் நீலப் பட்டுக் கவுனோடு இருந்தவள் காலையில் இல்லை. சுரங்க வாசலில் ஒற்றைச் செருப்பு கிடந்தது. உள்ளே குதித்துவிட்டாள் என்று ஊர் முடிவு கட்டியது. அன்றிலிருந்து அந்த மாடியறையில் நாற்காலி தானாக நகரும் என்பார்கள்.

நாற்காலியை நகர்த்தியது நான்தான். பகலில் முடி வெட்டுவேன். வெள்ளியும் சனியும் சாயங்காலம் கடையைச் சாத்திவிட்டு, அந்த மாடியறையில் காலடிச் சத்தம் கேட்காமலிருக்க வெறும் காலுறையோடு உட்கார்ந்திருப்பேன். டெல்ஃபா பலகையின் காம்பால் மர நடைபாதையை ஒரு தட்டுத் தட்டினால் நாற்காலியைத் தரையில் இழுக்க வேண்டும். ஆர்வில் எனக்கு அதற்காக இரவுச் சாப்பாடு போடுவான்.

இப்படி எட்டுக் கோடைகள் போயின. ஒன்பதாவது கோடையில் ஒரு சனிக்கிழமை. வெயில் இறங்கி, மலை செம்பு நிறமாக நின்ற நேரம். ஜன்னல் திறந்திருந்ததால் கீழே பேசுவதெல்லாம் எனக்குக் கேட்டது.

"கர்னலுக்கு அறுபது வயசு. அவளுக்குப் பத்தொன்பது" என்று டெல்ஃபா குரலைத் தாழ்த்தினாள். அந்த இடத்தில் எப்போதும் யாராவது மூக்கை உறிஞ்சுவார்கள். அன்று யாரோ சிரித்தார்கள்.

"பின்னால யாரு சிரிக்கிறது? என்னன்னு சொன்னா நாங்களும் சேர்ந்து சிரிப்போம்ல?"

"மன்னிச்சுக்கம்மா" என்றது ஒரு வயதான பெண் குரல். "நீ நல்லாத்தான் சொல்ற. அறுபதுன்னதும் அடக்க முடியல. எங்கம்மா எழுபதும்பா. கோவம் வந்துட்டா எண்பதும்பா."

"உங்கம்மாவுக்குக் கர்னலை எப்படித் தெரியும்?"

"அவளைத்தானே நீ இப்ப சுரங்கத்துல தள்ளிட்டிருக்க."

டெல்ஃபாவின் கையிலிருந்து பலகை நழுவி நடைபாதையில் விழுந்தது. மேலே நான், தட்டிவிட்டாள் என்று நினைத்து, நாற்காலியை ஒரு இழுப்பு இழுத்தேன்.

கீழே யாரோ "ஐயோ" என்றார்கள். பிறகு அதே கிழக் குரல் நிதானமாகச் சொன்னது: "மேல இருக்கிறது யாருன்னு தெரியல. ஆனா எங்கம்மா இல்ல. அவ வடக்க இடாஹோ கல்லறையில எங்கப்பா பக்கத்துல படுத்திருக்கா."

"வெண்டல்" என்றாள் டெல்ஃபா. "கீழ வா."

நான் காலுறையோடு இறங்கிப் போய் நின்றேன். கூட்டம் கைதட்டியது. என்ன செய்வதென்று தெரியாமல் ஒரு கும்பிடு போட்டேன்.

அந்த அம்மாளின் பெயர் ஆர்டித். எண்பதைத் தாண்டியவர், பெரிய காது, ஆண்கள் போடும் பூட்ஸ், கையில் ஊன்றுகோல். எங்கோ பெட்ரோல் போட நிறுத்திய இடத்தில் நீல மணப்பெண்ணின் படம் போட்ட விளம்பர அட்டை ஒன்றைப் பார்த்தாராம். அதில் லவீனியா என்ற பெயரும் ஹோட்டலின் பெயரும் இருந்தன. மகனைக் காரோட்டச் சொல்லி நேரே வந்துவிட்டார்.

டெல்ஃபா நடைபாதை விளிம்பில் அவரை உட்காரவைத்துத் தானும் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"அப்ப அந்தச் செருப்பு?"

"அவளேதான் வீசிட்டுப் போனா. செத்துட்டான்னு நினைச்சாத்தானே தேட மாட்டாங்க? பின்பக்க ஜன்னல் வழியா குதிரைலாயத்துக் கூரையில இறங்கினாளாம். கீழ உருளைக்கிழங்கு வண்டி. சரக்கை இறக்கிட்டு வெறும் சாக்கோட திரும்பப் போறது. செருப்பைக் கையில பிடிச்சுக்கிட்டு சாக்குக்குள்ள படுத்துக்கிட்டா. வண்டி சுரங்கத்தைத் தாண்டறப்ப ஒத்தைச் செருப்பை வீசினா."

"வண்டிக்காரன் பார்க்கலையா?"

"ஊரைத் தாண்டினதும் பார்த்தான். திரும்பிப் பார்த்து, 'பசிக்குதா?'ன்னு கேட்டான். அதுக்கப்புறம் இடாஹோ போற வரைக்கும் ஒரு கேள்வி கேக்கல. மூணு வருஷம் கழிச்சு அவனையே கட்டிக்கிட்டா. ஏம்மா அவரைன்னு கேட்டா, 'கேள்வி கேக்காத ஆம்பளைய அதுக்கு முன்னாடி நான் பார்த்ததில்லடீ'ம்பா. ஆறு பிள்ளைங்க. நான் கடைசி. தொண்ணூறு வயசு வரைக்கும் இருந்தா. போற அன்னைக்கு மத்தியானம்கூடச் சீட்டாட்டத்துல என்னை ஏமாத்தினா."

டெல்ஃபா அழுதுகொண்டே சிரித்தாள். உடம்பு முழுக்கக் குலுங்குகிற சிரிப்பு. "பிழைச்சுட்டாளா" என்றாள். "ஆறு பிள்ளைங்களா." திரும்பத் திரும்ப அதையே சொன்னாள்.

ஹோட்டலின் பின்பக்கம் குப்பைத்தொட்டிகள் இருந்ததால் அங்கே கூட்டத்தை நாங்கள் அழைத்துப் போவதே இல்லை. அன்று எல்லோரும் போனோம். மாடி ஜன்னலுக்கு நேர் கீழே, ஒரு ஆள் காலை நீட்டினால் எட்டுகிற உயரத்தில், பழைய குதிரைலாயத்தின் கூரை. ஆர்வில் தன் டிரக்கை நிறுத்தும் இடம் அது. பிறந்ததிலிருந்து பார்த்த கூரைதான். எங்களில் ஒருவருக்கும் அது தோன்றியதில்லை.

கடையில் புதிதாக வாங்கிய கௌபாய் தொப்பி போட்டிருந்த ஒருவர் மட்டும் முகத்தைச் சுளித்தார். "நான் பேய் பார்க்க வந்தேம்மா. இது என்ன, பிழைச்சவங்க கதையா இருக்கு?"

"ஐயா, இருந்த நல்ல பேய் ஒண்ணும் ஓடிப்போச்சு" என்றாள் டெல்ஃபா. "எந்தப் பக்கம் ஓடுச்சுன்னு வேணா காட்டறேன். வாங்க."

பலகையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு அவள் முன்னால் நடந்தாள். ஆர்டித் அம்மாள் அவள் கையைப் பிடித்துக்கொண்டார். ஊர்க் கடைசியில், வண்டிகள் போன பழைய மண்பாதை புதர்களுக்கு நடுவே வடக்கே போகிறது. அங்கே வரிசையாக நின்று பார்த்தோம். பார்க்க ஒன்றுமில்லை, பாதையும் வானமும்தான். இருந்தாலும் யாருக்கும் திரும்ப மனமில்லை. தொப்பிக்காரர் தொப்பியைக் கழற்றி அந்தத் திசையில் ஒரு ஆட்டு ஆட்டினார். "போய்ட்டு வா தாயி" என்றார்.

மறுநாள் காலை ஆர்வில் என் கடைக்கே வந்துவிட்டான். டெல்ஃபா அங்கே காப்பி குடித்துக்கொண்டிருந்தாள்.

"இந்த ஊர்ல இருந்த ஒரே லாபமான பொணம் அது, டெல்ஃபா. அதையும் எழுப்பி அனுப்பிட்டியே."

"நான் என்ன பண்ணட்டும்? அவ தானா எந்திரிச்சுப் போனா."

"அந்தக் கிழவி போயாச்சு. அடுத்த வெள்ளிக்கிழமை வர்றவங்களுக்கு என்ன தெரியும்? பழையபடியே சொல்லு."

டெல்ஃபா கோப்பையைக் கீழே வைத்தாள். "தெரியாம எட்டு வருஷம் அவளைச் சாகடிச்சேன். தெரிஞ்சும் சாகடிக்கச் சொல்றியா? முடியாது ஆர்வில். வேற ஆளைப் பாரு."

வேறு ஆள் கிடைக்கவில்லை. ஆர்வில் தானே நடிகனின் கறுப்பு அங்கியை மாட்டிக்கொண்டு கிளம்பினான். அவனுக்கு ஆஸ்துமா. சிறைக்கூடத்துக்கு வருவதற்குள் இழுப்பு வந்துவிடும், "இங்கேதான்..." என்று சொல்லி நிறுத்தி மூச்சு வாங்குவான். பயங்கரம் வரப்போகிறது என்று கூட்டம் காத்திருக்கும், அவன் இருமுவான். அதோடு வருகிறவர்கள் எல்லோரும், "பலகை பிடிச்ச அம்மா எங்க? ஜன்னல் வழியா ஓடின பொண்ணு கதையைச் சொல்லுங்க" என்று கேட்கத் தொடங்கினார்கள். தொப்பிக்காரர் லாரி ஓட்டுகிறவர். நெவாடா முழுக்க டீசல் போடும் இடமெல்லாம் அந்தக் கதையைச் சொல்லிக்கொண்டே போயிருக்கிறார். ஆகஸ்டில் தன் மச்சான்கள் மூவரையும் கூட்டிக்கொண்டு அவரே திரும்பி வந்து, டெல்ஃபா இல்லையென்றதும் ஆர்விலோடு சண்டைக்குப் போனார்.

அன்றைக்கே ஆர்வில் பஸ் ஷெட்டுக்குப் போனான். நான் கூடப் போனேன், வேடிக்கை பார்க்க.

"வா. எப்படி வேணா சொல்லிக்கோ. அந்த அங்கி எனக்கு ஒத்துக்கல."

"அங்கியாலயா உனக்கு ஆஸ்துமா?"

"பேச்சை வளர்க்காத. வர்றியா இல்லையா?"

"வர்றேன். ஆனா நடை முடியறப்ப, ஆசைப்படறவங்க அந்த ஜன்னல் வழியா கூரையில இறங்கலாம். ஏணி வைக்க இடம் வேணும், உன் டிரக்கை வேற இடத்துல நிறுத்து."

ஆர்வில் என்னைப் பார்த்தான். நான் ஏணி பிடிப்பதாகச் சொன்னேன். நாற்காலி இழுப்பதைவிட அது நல்ல வேலை.

அதற்குப் பிறகு எங்கள் பேய் நடை சிரிப்பில்தான் முடிந்தது. சூதாடியும் ஷெரீப்பும் தங்கள் இடத்தில் பயமுறுத்திக்கொண்டே இருந்தார்கள். கடைசியில் மாடியறைக்கு வந்தால், கனத்த ஆசாமிகளும் பாட்டு டீச்சர்களும் தேனிலவுக்கு வந்தவர்களும் ஜன்னலில் கால் போட்டு, கவுனைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு கூரையில் இறங்குவார்கள். "பசிக்குதா?" என்று நான் கீழிருந்து கேட்க வேண்டும். வேறு ஒரு கேள்வியும் கேட்கக்கூடாது என்பது டெல்ஃபாவின் உத்தரவு. ஆர்வில் வறுத்த உருளைக்கிழங்கைக் காகிதக் கூம்பில் போட்டு நீட்டுவான். மணப்பெண் அறையின் கதவில் இருந்த மண்டையோட்டுப் படத்தை அவனே கழற்றிவிட்டு, "லவீனியா இங்கே தங்கவில்லை" என்று எழுதி மாட்டினான். அறைக்கு இப்போது முன்பதிவு செய்தால்தான் இடம்.

அடுத்த ஜூலையில் ஆர்டித் அம்மாள் தன் ஆட்களோடு வந்தார். அண்ணன் பிள்ளைகள், அக்கா பேரன்கள், அவர்களுடைய பிள்ளைகள் என்று ஹோட்டல் முழுக்க லவீனியாவின் வழி வந்தவர்கள். எல்லோருக்கும் அதே பெரிய காது. ஒருவர் விடாமல் ஜன்னல் வழியாக இறங்கினார்கள். எல்லோரும் இறங்கிய பிறகு ஆர்டித் அம்மாள் ஊன்றுகோலை என்னிடம் எறிந்தார்.

"வேணாம்மா" என்றாள் டெல்ஃபா. "இடுப்பு உடைஞ்சா யாரு பதில் சொல்றது?"

"எங்கம்மா செருப்பில்லாம இறங்கினா. எனக்கு பூட்ஸ் இருக்கு. கையைக் குடு."

டெல்ஃபா முதலில் இறங்கி, அவரை இடுப்போடு அணைத்துக் கூரையில் உட்காரவைத்தாள். இருவரும் வெகுநேரம் அங்கேயே உட்கார்ந்து உருளைக்கிழங்கு தின்றார்கள். கீழே தெருவில் யாரோ பிடில் வாசித்தார்கள். காது பெரிதான அந்தக் கூட்டம் ஊர்க்காரர்களையும் இழுத்துக்கொண்டு ஆடியது. ஆர்வில் மூச்சு வாங்க வாங்க ஆடினான்.

"அறுவடைக்கு எங்க ஊருக்கு வாயேன்" என்று ஆர்டித் அம்மாள் சொன்னது எனக்குக் கேட்டது. "பெரிய வண்டி ஓட்டத் தெரிஞ்ச ஆளுக்குத் தட்டுப்பாடு. எங்க பசங்க ரிவர்ஸ் எடுத்தாலே வேலி போயிடுது."

"ஒரு வேலிகூட நான் சாய்ச்சதில்ல" என்றாள் டெல்ஃபா.

அக்டோபரில் பஸ் வேலைக்கு லீவு போட்டுவிட்டுப் போனாள். அந்த வருடம் மட்டுமில்லை, பஸ் வேலையிலிருந்து ஓய்வு பெற்ற பிறகு ஒவ்வொரு அறுவடைக்கும் போனாள். வயலில் இருந்து கிடங்குக்கு உருளைக்கிழங்கு லாரி ஓட்டினாள். அங்கே வேலை செய்யும் வாலிபர்களைக் காலையில் இரண்டிரண்டு பேராக வரிசையில் நிற்கவைத்தாளாம். தேவாலயத்தில் அவர்கள் விருந்து வைத்தபோது முந்நூறு பேர் முன்னால் எழுந்து லவீனியாவின் கதையை முழுசாகச் சொன்னாளாம். திரும்பி வரும்போது எங்களுக்கு ஆளுக்கொரு மூட்டை உருளைக்கிழங்கு கொண்டுவருவாள். ஆர்விலுடைய மூட்டை மட்டும் எப்போதும் கொஞ்சம் பெரிதாக இருக்கும். ஏன் என்று கேட்டால், "நீ முடி வெட்டற ஆளு, அவன் அடுப்புல நிக்கிறவன்" என்பாள். நான் இன்றுவரை அதை ஒப்புக்கொள்ளவில்லை.