சவுண்ட் செக்கில் வாசித்த கவிதை

"…நான் வாசிக்கேக்க கதிரையள் மட்டும்தான் மிஞ்சும், அண்ணை. நீங்களும் வயர் சுத்தத் தொடங்கியிருப்பியள்," என்றார் மலர்விழி.

அவர் சொன்னதில் பிழையில்லை. கனடாவில், ஸ்காபரோவில் புத்தக வெளியீடுகளுக்கு சவுண்ட் போடுவது என் வேலை. வாழ்த்துரை, ஆய்வுரை எல்லாம் முடிந்து எழுதினவரின் ஏற்புரை வரும்போது, சனம் குளிர்கோட்டைப் போட்டுக்கொண்டு கார் பார்க்கிங்கில் நிற்கும்.

மலர்விழி தொண்ணூறுகளில் புலம்பெயர் சிற்றிதழ்களில் எழுதத் தொடங்கினவர். அப்போது இங்கே இரண்டு அணி. கவிதை போராட வேண்டும் என்றது ஒன்று. கவிதை கவிதையாக இருந்தால் போதும் என்றது மற்றது. இவர் இரண்டு பக்கமும் எழுதினார். அதனாலேயே இரண்டு பக்கமும் இவருக்குப் புத்தகம் போடவில்லை. அறுபது வயதில் இதுதான் முதல் தொகுப்பு.

வோபர்ன் மண்டபத்துக்கு இரண்டு அணியும் வந்து, வலமும் இடமுமாகப் பிரிந்து இருந்தன. இந்த அணிக்கு நாலு பேச்சாளர் என்றால் அந்த அணிக்கும் நாலு. ஒன்பது மணிக்கு மண்டபம் பூட்டிவிடுவார்கள். மலர்விழியை முதலில் வாசிக்க விடச் சொல்லிக் கூட்டத் தலைவரிடம் கேட்டேன்.

"நிகழ்ச்சி நிரலை மாத்தினா ஒரு பக்கம் எழும்பிப் போயிடும். நீர் மைக்கைப் பாரும்!"

சரியென்று மைக்கைப் பார்த்தேன். "தங்கச்சி, சவுண்ட் செக் பண்ணவேணும். ஒரு கவிதை வாசியுங்கோ."

அவர் வாசித்தது, நாங்கள் கனடாவுக்கு வந்த புதிதில் பேஸ்மென்ற் அறையில் ஒரே மெத்தையில் முறைவைத்துப் படுத்த காலத்தைப் பற்றிய கவிதை. இரவு வேலைக்காரர் எழும்ப, பகல் வேலை முடித்து வந்தவர் அந்தச் சூட்டிலேயே படுக்கிறார். வாசலில் ரோல்ஸ் கடித்துக்கொண்டு நின்ற சனம் பிளேட்டோடு உள்ளே வந்தது. வலப்பக்கத்தில் ஒருவர் இடப்பக்கத்து ஆளைக் காட்டி, "உவன்தான் எழும்பவே மாட்டான்!" என்றார்.

"நீ சொக்ஸ் கழட்டாமப் படுத்ததையும் சொல்லன்!"

வருசக்கணக்காக முகம் பார்க்காத இரண்டு பேர். மண்டபம் குலுங்கிச் சிரித்தது.

தலைவர் எழும்பினார். "பிள்ளை, செக் முடிஞ்சுதே?"

"கேக்கேல்லை! இன்னொண்டு!" என்றது கடைசி வரிசை. "ஓம், கேக்கேல்லை!" என்று இரண்டு பக்கமும் ஒரே குரலில் கத்தின.

தலைவர் என்னை முறைத்தார். பிறகு நிரலை மடித்துச் சட்டைப்பையில் வைத்துவிட்டுக் கதிரையில் இருந்தார். "அப்ப வடிவாச் செக் பண்ணும், பிள்ளை."

இந்த வேலைக்கு வருகிற இளம் ஆட்களுக்கு நான் சொல்வது இதுதான்: நிரல் தலைவரின் கையில், சவுண்ட் செக் எங்கள் கையில்.

மலர்விழி மைக்கைத் தன் உயரத்துக்கு இறக்கி, அடுத்த பக்கத்தைத் திருப்பினார்.