மெட்டு டாக்டர் பதிவு செய்த இதயம்

மெட்டு டாக்டரின் மனைவிக்கு இதயத்தில் கோளாறு இருப்பது, ஆள் நிறைந்த ஒரு அரங்கில், படத்தின் கிளைமாக்ஸ் காட்சியில் தெரியவந்தது. கண்டுபிடித்தவர் மெட்டு டாக்டர் அல்ல. பக்கத்து நாற்காலியில் மனைவி உட்கார்ந்திருக்க, அவர் தன் பின்னணி இசை எடுபடுகிறதா என்று முன்வரிசைக்காரர்களின் பிடரிகளைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

காலையில் ஜுரம் பார்த்து, மத்தியானம் படத்துக்கு இசை போட்டு, சாயங்காலம் மறுபடியும் ஜுரம் பார்க்கிற மனிதர் அவர். கீழே கிளினிக், பின்கட்டில் வீடு, மாடியில் ஸ்டூடியோ. கிளினிக்கில் ஒரு மேஜை, எடை பார்க்கும் கருவி, நோயாளிகளுக்கு நீள பெஞ்ச். மாடியில் சுவர் முழுக்கக் கறுப்பு ஸ்பாஞ்ச், ஒரு கீபோர்டு, இரண்டு ஸ்பீக்கர். முதுகுக்கு ஒத்துவருகிற நாற்காலி ஒன்றே ஒன்றுதான் என்பதால், அதைத் தலைமேல் தூக்கிக்கொண்டு தினமும் மேலும் கீழும் நடப்பார். நாற்காலி படியேறினால் ஜுரக்காரர்கள் சாயங்காலம் வரலாம் என்று தெருவுக்கே தெரியும்.

சினிமாக்காரர்கள் அவரைக் கைராசிக்கார டாக்டர் என்பார்கள். டாக்டர்கள் அவரை அருமையான இசையமைப்பாளர் என்பார்கள். "ரெண்டு பக்கமும் என்னை நல்லாத்தான் புகழுறாங்க. அவங்கவங்க தொழில்ல மட்டும் சேர்த்துக்க மாட்டேங்கிறாங்க" என்று சொல்லி அவரே முதலில் சிரிப்பார். நடிகர்கள் வைத்தியத்துக்கு வருவதும், நோயாளிகள் வாய்ப்புக் கேட்டு வருவதும் அங்கே சகஜம். கிளினிக் நர்ஸ் வாசலில் நின்று, "இருமுறவங்க கீழ இருங்க. பாடுறவங்க மேல போங்க. பாடிக்கிட்டே இருமுறவங்க எங்கிட்ட வாங்க" என்று பிரித்து அனுப்புவாள்.

அவர் சினிமாவுக்கு வந்ததே ஒரு தொண்டைப் புண்ணால்தான். புதுப்பட டைரக்டர் ஒருவர் குரல் போய் வந்தார். ஒரு வாரம் வாயைத் திறக்கக்கூடாது என்று உத்தரவு. படமோ அவசரம், இசையமைப்பாளரோ சண்டை போட்டுக்கொண்டு போய்விட்டார். பேச முடியாத டைரக்டர் சைகையால் புலம்ப, கல்லூரி நாளிலிருந்தே கீபோர்டும் கையுமாகத் திரிந்த டாக்டர், "காட்டுங்க பார்ப்போம்" என்றார். ஒரு வாரத்தில் முழுப் படத்துக்கும் இசை முடிந்தது. வாய் திறக்காத டைரக்டர் வாய்ப்பது எல்லா இசையமைப்பாளருக்கும் கிடைக்கிற பாக்கியமா? குரல் திரும்பியதும் டைரக்டர் சொன்ன முதல் வார்த்தை, "அடுத்த படமும் நீங்கதான்." அன்று பிடித்த ஜோடி இன்றுவரை பிரியவில்லை. ஓடிய படங்களும் உண்டு, ஊமையாய்ப் போன படங்களும் உண்டு.

இசை விஷயத்தில் அவருக்கு ஒரே கொள்கை, அளவு. "அமிர்தமே அளவுக்கு மிஞ்சினா நஞ்சுங்கிறாங்க. நீங்க அழுகை சீனுக்கு முப்பது வயலின் கேக்குறீங்க. ஆளு பிழைக்க வேண்டாமா?" என்று டைரக்டரிடம் சண்டை போடுவார்.

அளவு சரியா என்று பார்க்க அவர் வைத்திருந்த சோதனை, மனைவி. அவர் பள்ளியில் கணக்கு டீச்சர். "எனக்கு சங்கீதமும் ஒண்ணுதான், மிக்ஸி சத்தமும் ஒண்ணுதான்" என்று பெருமையாகச் சொல்லிக்கொள்பவர். ஸ்டூடியோ மூலையில் அவரை விடைத்தாள் திருத்த உட்காரவைத்துவிட்டு டாக்டர் காட்சியை ஓட விடுவார். மனைவி தலை நிமிர்ந்து பார்த்தால் இசை துருத்துகிறது என்று அர்த்தம், அந்த இடத்தை வெட்டிவிடுவார். கடைசிவரை திருத்திக்கொண்டே இருந்து, முடிவில் கண்ணை மட்டும் துடைத்தால் தேர்வு.

மனைவி அந்த மூலைக்கு வருவது சில மாதங்களாகக் குறைந்திருந்தது. மாடிப்படியில் பாதியில் நின்று, கீழே இருக்கிற நர்ஸிடம் ஏதாவது பேச்சுக் கொடுத்துவிட்டுத்தான் மிச்சப் படிகளை ஏறுவார். தலைமையாசிரியரிடம் சொல்லி வகுப்புகளைக் கீழ்த்தளத்துக்கு மாற்றிக்கொண்டார்.

"ஏங்க, மூச்சு வாங்குது" என்றால், "எனக்கும்தான் வாங்குது. ரெண்டு பேரும் காலைல நடக்கணும்" என்று பதில் வரும். அவர் நடக்கவில்லை, இவரும் நடக்கவில்லை. வாத்தியார் பிள்ளை மக்கு என்பார்கள். வைத்தியர் வீட்டுக்கும் அதே கதிதான்.

இந்த நிலையில்தான் புதுப்படம் வந்தது. கிளைமாக்ஸில் கதாநாயகி ஒரு அலமாரிக்குள் ஒளிந்திருக்கிறாள், வெளியே கொலைகாரன் நடக்கிறான். பாட்டு வேண்டாம், வயலின் வேண்டாம், அவளுடைய இதயத் துடிப்பு மட்டும் கேட்கட்டும் என்று முடிவாயிற்று. டைரக்டர் இணையத்திலிருந்து ஒரு துடிப்பைக் கொண்டுவந்து போட்டுக் காட்டினார்.

"இது இதயம் இல்ல, யாரோ தலகாணிய அடிக்கிறாங்க" என்றார் டாக்டர். "நான் நிஜ இதயத்தையே தர்றேன்."

ஸ்டெதஸ்கோப்பின் குழாயை வெட்டி, உள்ளே ஒரு குட்டி மைக்கைச் செருகினார். முதலில் தன் மார்பில் வைத்துப் பார்த்தார். மந்தமாக இருந்தது. நர்ஸ் மார்பில் வைத்ததும் அவளுக்குச் சிரிப்பு வந்து, இதயமும் சேர்ந்து குலுங்கியது. கடைசியில் மனைவியைக் கூப்பிட்டார்.

"அடுப்புல பால் இருக்கு, சீக்கிரம்" என்று வந்து உட்கார்ந்தார் மனைவி.

"மூச்சுவிடாம இரு."

"கல்யாணம் ஆனதிலேருந்து அப்படித்தான் இருக்கேன்."

"பேசாதே, பதிவாகுது."

ஹெட்போனில் கேட்டது அவரை நிமிர்ந்து உட்காரவைத்தது. லப்-டப் என்பதில் முதல் அடி அப்படிப் பலமாக, கணீரென்று விழுந்தது. "ஆகா! இத்தனை பேரு இதயத்தைக் கேட்டிருக்கேன், இப்படி ஒரு முதல் அடி எவனுக்கும் விழுந்ததில்ல!" என்று தொடையில் தாளம் தட்டினார். பால் பொங்கியது. மனைவி ஓடினார். பாதி வழியில் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றார். டாக்டர் ஹெட்போனைக் கழற்றவில்லை.

ஒலிக்கலவை செய்கிற இடத்தில் இன்ஜினியர் ஒரு சந்தேகம் கேட்டார். "சார், துடிப்புக்கு நடுவுல அடியில ஏதோ உறுமுது. வெட்டிரட்டுமா?"

"பக்கத்து ரூம் ஃப்ரிட்ஜா இருக்கும். வெட்டாதப்பா, அதுல ஒரு கதகதப்பு இருக்கு" என்றார் டாக்டர். அந்த உறுமலின் சுருதியைப் பிடித்து, அதனடியில் ஒரு செல்லோவை, அந்தப் பெரிய வயலினை, மெல்ல இழுக்கவும் வைத்தார்.

படம் வெளியாகுமுன் நண்பர்களுக்குப் போட்டுக் காட்டினார்கள். டாக்டரின் வலப்பக்கம் மனைவி, இடப்பக்கம் தூங்குமூஞ்சி. தூங்குமூஞ்சி அவருடைய கல்லூரித் தோழர். எல்லா வகுப்பிலும் தூங்கி, பரீட்சையில் மட்டும் விழித்து, இன்று பெரிய ஆஸ்பத்திரியில் இதய நிபுணராக இருப்பவர். நட்புக்காக எல்லாப் படத்துக்கும் வருவார், பெயர் போடும்போதே கண்ணை மூடிவிடுவார். அவர் தூங்கிய படம் ஓடும் என்று டைரக்டருக்கு ஒரு நம்பிக்கைகூட உண்டு.

அலமாரிக் கதவு சாத்தியது. அரங்கம் முழுக்க இதயம் அடிக்கத் தொடங்கியது. பெரிய ஸ்பீக்கர்களில் அந்த உறுமல் நாற்காலிக் கைப்பிடிவரை வந்தது. தூங்குமூஞ்சி கண்ணைத் திறந்தார். நேராக நிமிர்ந்தார். டாக்டருக்கு டைரக்டரின் நம்பிக்கை நினைவுக்கு வந்தது. இவன் முழிச்சுட்டானே, படம் அவ்வளவுதான்!

"டேய்" என்று அவர் மணிக்கட்டைப் பிடித்தார் தூங்குமூஞ்சி. "இது யாரோட ஹார்ட்டு?"

"ஏன்டா, நல்லா இல்லையா?"

"கேட்டதுக்குப் பதில் சொல்லுடா. யாரு பேஷன்ட்?"

மனைவி இந்தப் பக்கத்திலிருந்து எட்டிப் பார்த்தார். "பேஷன்ட் இல்லண்ணா, நான்தான். எப்படி நடிச்சிருக்கேன்?"

தூங்குமூஞ்சி ஒரு நொடி அவர் முகத்தைப் பார்த்தார். "பிரமாதமா நடிச்சிருக்கம்மா" என்றார். "நாளைக்குக் காலைல ஆஸ்பத்திரிக்கு வந்துரு."

அரங்கம் கைதட்டியது. கூட்டம் டாக்டரைச் சூழ்ந்துகொண்டு கைகுலுக்கியது. அந்தத் துடிப்பு, அந்தத் துடிப்பு என்று ஆளாளுக்குச் சொன்னார்கள். அவர் தலையாட்டிக்கொண்டே கூட்டத்துக்கு மேலாக மனைவியைத் தேடினார். மனைவி வெளியே கடைசிப் படியில் உட்கார்ந்து மூச்சு வாங்கிக்கொண்டிருந்தார்.

வீட்டுக்கு வந்ததும் டாக்டர் பழைய பதிவை ஓட விட்டார். இந்தத் தடவை தாளம் தட்டவில்லை. பலமான முதல் அடி, இரண்டாம் அடிக்குப் பின்னால் ஒரு சின்னச் சொடுக்கு, அதன் வாலில் அந்த உறுமல். சுருங்கிப்போன வால்வின் வழியே ரத்தம் முட்டிமோதிப் போகிற சத்தம். மருத்துவக் கல்லூரி மாணவன் கேட்டால்கூடச் சொல்லிவிடுவான். எந்த முதல் அடிக்காக அந்த இதயத்தைத் தேர்ந்தெடுத்தாரோ, அதுவே நோயின் அடையாளம்.

மனைவி வாசலில் நின்றார். "சின்ன வயசுல எனக்கு மூட்டு வீங்கி ஜுரம் வந்துச்சுன்னு அம்மா சொல்லுவாங்க. அதுவா?"

"அதேதான். அந்த ஜுரம்தான் அப்பவே வால்வைக் கெடுத்திருக்கு."

"சரி, அதுக்கு ஏன் இப்படி மூஞ்சிய வெச்சிருக்கீங்க?"

"என் காதாலயே கேட்டிருக்கேன். ஃப்ரிட்ஜுன்னு சொன்னேன். செல்லோ வேற போட்டேன்."

"செல்லோ நல்லாத்தான் இருந்துச்சாம். எல்லாரும் சொன்னாங்க. எனக்குத்தான் தெரியல" என்றார் மனைவி. 

தூங்குமூஞ்சி மறுநாள் ஸ்கேன் எடுத்துவிட்டு இரண்டு பேரையும் உட்காரவைத்துச் சொன்னார். வால்வு நன்றாகச் சுருங்கியிருக்கிறது, இனியும் விட்டால் ஆபத்து. தொடை வழியாக மெல்லிய குழாய் விட்டு, ஒரு பலூனை ஊதி வால்வை விரிக்கலாம். ஆனால் இதயத்துக்குள் ரத்தக்கட்டி ஏதும் இருந்தால் பலூன் கூடாது, கட்டி சிதறி மூளைக்குப் போய்விடும். அப்புறம் நெஞ்சைத் திறக்க வேண்டியதுதான். தொண்டை வழியாகக் கருவி விட்டுப் பார்த்தால் தெரிந்துவிடும்.

அந்தச் சோதனை நடக்கும்போது டாக்டரை உள்ளே விடவில்லை. "நீ இப்ப டாக்டர் இல்ல, வீட்டுக்காரர். வெளிய உக்காரு" என்று கதவைச் சாத்தினார் தூங்குமூஞ்சி. எத்தனையோ பேரை அப்படி வெளியே உட்காரவைத்தவர், முதல் தடவையாக அந்த பெஞ்சில் உட்கார்ந்தார். நர்ஸ் கிளினிக்கைப் பூட்டிவிட்டு வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள். 

கதவு திறந்தது. "கட்டி இல்ல. பலூன் போதும்" என்றார் தூங்குமூஞ்சி. டாக்டர் எழுந்து அவரைக் கட்டிப்பிடித்தார். "விடுடா, கையுறை போட்டிருக்கேன்" என்று அவர் திமிறினார்.

மறுநாள் பலூன் ஊதி, வால்வு விரிந்து, மனைவியை வார்டுக்குக் கொண்டுவந்த பிறகு, தூங்குமூஞ்சி தன் ஸ்டெதஸ்கோப்பைக் கழற்றி நீட்டினார். "கேளு."

டாக்டர் கை துடைத்துக்கொண்டு கேட்டார். இதயத்தின் நுனியில், ஓரத்தில், மேலே, கீழே என்று ஒவ்வொரு இடமாக வைத்து, பாடப்புத்தகத்தில் சொன்ன வரிசை பிசகாமல் கேட்டார். ஒருக்களித்துப் படுக்கவைத்துக் கேட்க மட்டும் அனுமதி இல்லை, குழாய் விட்ட காலை அசைக்காமல் நீட்டியபடியே வைத்திருக்க வேண்டும். அடிகள் சாதுவாக, இடைவெளி சுத்தமாக இருந்தன. உறுமல், தெரிந்தவன் தேடினால் கிடைக்கிற அளவுக்குத் தேய்ந்திருந்தது.

"எப்படி இருக்கு?" என்றார் மனைவி.

"சாதாரணமா இருக்கு."

"அதைச் சொல்ல இவ்வளவு நேரமா?"

அப்போது டைரக்டர் ஃபோன் செய்தார், டாக்டர் ஸ்பீக்கரில் போட்டார். நலம் விசாரித்தார், நாலு தரம் சாமி பேரைச் சொன்னார், பிறகு தயங்கித் தயங்கி விஷயத்துக்கு வந்தார். "டாக்டர் சார், அந்தச் சத்தம் படத்துல இருந்தா உங்களுக்குக் கஷ்டமா இருக்கும். ரிலீசுக்கு இன்னும் நாள் இருக்கு. அக்காவுக்குத்தான் சரியாயிடுச்சே, புதுசா ஒண்ணு எடுத்து மாத்திரலாமா?"

டாக்டர் பதில் சொல்லுமுன் மனைவி கையை நீட்டி ஃபோனை வாங்கிக்கொண்டார். "மாத்தாதீங்க தம்பி. இப்ப இருக்கறது பயந்த மாதிரியே அடிக்காது. உங்க பொண்ணு அலமாரிக்குள்ள தூங்கிருவா."

டைரக்டர் சிரித்தார். மனைவியும் சிரித்தார், சிரிப்பில் உடம்பு குலுங்கிக் கால் அசைந்தது. "காலை அசைக்காதே!" என்று டாக்டர் போட்ட சத்தத்தில் அடுத்த படுக்கைக்காரரும் தன் காலை நீட்டிக்கொண்டார்.