கொந்தராத்துக்காரனுக்கு ஏது வீடு

இந்த ஊரில் பஸ்ஸை விட்டு இறங்க வேண்டுமென்றால் கத்த வேண்டும். உங்கள் தரிப்பிடம் நெருங்கும்போது, உள்ளே இருக்கிற எல்லோருக்கும் கேட்கும்படி "தெவான்!" என்று சத்தம் போட வேண்டும். முன்னால் நிறுத்து என்று அர்த்தமாம். சீஷெல்ஸ் நாட்டின் மாஹே தீவுக்கு வந்த புதிதில் என்னால் அது முடியவில்லை. நாலு பேர் முன்னால் வாய் திறக்கிற பழக்கம் எனக்குச் சிறு வயதிலிருந்தே கிடையாது. வேறு யாராவது கத்தும்வரை உட்கார்ந்திருந்து, அவர்களோடு இறங்கி, பஸ் வந்த வழியே திரும்பி நடப்பேன். வேலை முடிந்து வரும் அந்த பஸ்ஸில் எங்கள் மேற்பார்வையாளர் அந்துவானும் இருப்பார். அவருடைய வீடு இன்னும் தூரம். நான் தவறவிட்டு இறங்கி நடக்கும்போதெல்லாம் ஜன்னலால் தலையை நீட்டிச் சிரிப்பார். "ஏய் ஸ்ரீலங்கா, உன் நாட்டில் வாய்க்குப் பூட்டுப் போட்டுத்தான் அனுப்பினார்களா?" எனக்கென்று ஒரு பெயர் இருக்கிறது. அவர் அதைக் கேட்டதே இல்லை.

நான் கல்முனைக்காரன். தரைக்கு டைல்ஸ் பதிக்கிற மேசன். ஐந்தாம் ஆண்டோடு பள்ளிக்கூடம் முடிந்தது. சுதந்திரம் என்றால் என்ன என்று எனக்குப் பள்ளிக்கூடம் சொல்லித் தந்தது தின்ன ஒரு இனிப்புப் பணிசும் ஒரு கடதாசிக் கொடியும்தான். பெப்ரவரி மாதம் நாலாம் திகதி வெயிலில் வரிசையாக நிறுத்தி, வெள்ளைக்காரன் போய்விட்டான் என்று அதிபர் பேசுவார். நாங்கள் பணிசைப் பார்த்துக்கொண்டு நிற்போம். பிறகு வளர்ந்தோம். எங்கள் ஊரிலிருந்து அடுத்த ஊருக்குப் போவதற்குச் சோதனைச் சாவடியில் அடையாள அட்டையை நீட்டிக்கொண்டு நின்றோம். கொரோனாக் காலத்தில் அரசாங்கத்துக்காரர்கள் எங்கள் ஜனாஸாக்களை அடக்க விடாமல் எரித்தார்கள். கெஞ்சியும் எரித்தார்கள். எரித்தவன் வெள்ளைக்காரன் இல்லை. அவன் போய் எத்தனையோ வருடமாகிவிட்டிருந்தது. அன்றைக்கு மையவாடிப் பக்கம் பார்த்துக்கொண்டு நின்றபோது எனக்கு அந்தப் பணிஸ்தான் ஞாபகம் வந்தது. தின்றதை வாந்தியெடுக்க வேண்டும் போலிருந்தது.

இங்கேயும் வெள்ளைக்காரன் போய்விட்டான். ஜூன் மாதம் வந்தால் வீட்டுக்கு வீடு கொடி தொங்கும். கார்களெல்லாம் கொடி கட்டிக்கொண்டு ஹோர்ன் அடித்துத் திரியும். யாரும் இல்லாத தீவுகளாம் இவை. பிரெஞ்சுக்காரன் ஆபிரிக்காவிலிருந்து மனிதர்களை அடிமைகளாகக் கப்பலில் கொண்டுவந்து இறக்கினான். பிறகு இங்கிலீசுக்காரன் பறித்துக்கொண்டான். அந்த அடிமைகளின் பேரப்பிள்ளைகள்தான் இன்றைக்கு நாட்டுக்காரர்கள். எங்கள் முதலாளியும் அப்படி ஒரு குடும்பம்தான். கடற்கரையோரம் ஹோட்டல் கட்டுகிறார். எங்கள் எல்லோருடைய கடவுச்சீட்டும் அவர் கணக்குப் பார்க்கிற கந்தோரின் இரும்புப் பெட்டிக்குள் இருக்கிறது.

அந்துவானின் கதை வேறு. அவருடைய தாய் இந்த மண்ணில் பிறந்தவளல்ல. இங்கிருந்து கிழக்கே தூரத்தில் கிடக்கிற டியேகோ கார்சியா என்ற தீவில் பிறந்தவள். தென்னந்தோட்டத்தில் கொப்பரா வேலை செய்த சனம். அமெரிக்காவுக்குப் படைத்தளம் வேண்டுமென்று இங்கிலீசுக்காரன் அந்தத் தீவைக் கொடுத்துவிட்டு, இருந்த சனத்தைக் கப்பலில் ஏற்றினான். அவர்களுடைய நாய்களையெல்லாம் கொப்பரா வாட்டுகிற கொட்டிலுக்குள் அடைத்துப் புகை விட்டுக் கொன்றார்களாம். அயல் நாடுகளுக்கு விடுதலை கொடுப்பதற்கு முன்னமே அந்தத் துண்டைக் கிழித்து எடுத்து வைத்துக்கொண்டான். உலகத்துக்கு அவன் சொன்ன காரணம் ஒன்றுதான். அங்கே குடிமக்கள் என்று யாரும் இல்லை. ஒப்பந்தத்துக்கு வந்த கொந்தராத்துக் கூலிகள் மட்டும்தான் இருந்தார்கள்.

இதையெல்லாம் அந்துவான் எனக்கு அன்பாகச் சொல்லவில்லை. ஒரு நாள் பகல் சாப்பாட்டு நேரம் ரேடியோவில் செய்தி வந்தது. இலங்கையிலிருந்து படகில் போன தமிழர்கள் சிலரை அந்தத் தீவில் வைத்திருக்கிறார்களாம். அவர் சோற்றுப் பாத்திரத்தைத் தள்ளிவிட்டு என் முன்னால் வந்து நின்றார். "என் அம்மா தன் தாயின் கல்லறையைப் பார்க்கக் கேட்டுக் கேட்டுச் செத்தாள். அவளுக்கு அனுமதி இல்லை. உன் ஆட்கள் போய் அங்கே படுத்துத் தூங்குகிறார்கள்!" அவர்கள் விருந்தாளிகள் இல்லை, கம்பி வேலிக்குள் அடைபட்டுக் கிடக்கிறார்கள் என்று சொல்ல வாயெடுத்தேன். எனக்குத் தெரிந்த இந்த ஊர்க் கிரியோல் பாஷை போதவில்லை. தைரியமும் போதவில்லை. என்னோடு அறையில் இருக்கிற அக்கரைப்பற்று ரிபாஸ்தான் பின்னால் முணுமுணுத்தான்; அண்ணன்மாரைக் காக்கா என்பது எங்கள் ஊர்ப் பேச்சு. "காக்கா, இவனுக்கு நாமதான் தீவப் புடிச்ச மாதிரி இரிக்கி. படுக்க ஒழுங்கா ஒரு கட்டில் இல்ல நமக்கு."

என் மகள் ஸப்னாவின் நிக்காஹ் ஜூன் மாதக் கடைசியில் என்று முடிவானது. மகளுக்குப் பொறுப்பான வலீ நான். மகளைக் கொடுக்கிற தகப்பன் மாப்பிள்ளையின் கையைப் பிடித்து, தந்தேன் என்று சொல்ல வேண்டும். பொண்டாட்டி தொலைபேசியில் அழுதாள். "இஞ்ச பாருங்க, வாப்பா உசிரோட இரிக்கக்குள்ள வேற ஆளா கை குடுக்கிற? ஊரு என்ன செல்லும்? எப்பிடியாவது வந்து சேருங்க." டிக்கட்டும் போட்டாயிற்று. கடவுச்சீட்டு மட்டும் கையில் இல்லை.

முதலாளி வேலைத்தளத்துக்கு வந்த அன்று போய்க் கேட்டேன். அவர் என்னை மேலும் கீழும் பார்த்தார். "போனால் திரும்பி வருவாயா? உனக்கு அங்கே சொந்த வீடு இருக்கிறதா?" நான் உண்மையைச் சொன்னேன். "இல்லை."

ஊரில் இருக்கிற உங்களுக்கு இது விளங்கும். எங்கள் பகுதியில் வீடு பெண்பிள்ளைக்கு. ஆண் கலியாணம் முடித்துப் பெண் வீட்டுக்குப் போவான். மகள் பிறந்தால் மகளுக்கொரு வீடு கட்டுவான். நான் உம்மாவின் வீட்டில் பிறந்தேன், பொண்டாட்டியின் வீட்டில் குடியிருந்தேன், மகளுக்கு வீடு கட்ட இங்கே வந்தேன். என் பெயரில் ஒரு கூரையும் இல்லை. அதில் எனக்கு வெட்கமும் இல்லை. இதை நான் கிரியோலில் எப்படிச் சொல்வேன்? வீடு மகளுடையது, அதற்கு முன் மனைவியுடையது என்று தடுமாறினேன். முதலாளி சிரித்தார். "வீடே இல்லாதவன் எந்த வீட்டுக்குப் போகப் போகிறாய்? நீ கொந்தராத்து ஆள். படுக்க இடம் நான் தந்திருக்கிறேன். வேலை முடியட்டும், பிறகு பார்ப்போம்."

பக்கத்தில் நின்ற அந்துவான் கையிலிருந்த ரசமட்டத்தைச் சீமெந்து மூட்டையின் மேல் வைத்தார். "இதே வார்த்தை," என்றார். "என் அம்மாவிடமும் இதையேதான் சொன்னார்கள். வீடு கம்பனியுடையது, நீ கொந்தராத்து ஆள், ஏறு கப்பலில்."

"அந்துவான், இது உன் பாடு இல்லை," என்றார் முதலாளி.

"தலைமுறை தலைமுறையாக அங்கே புதைந்து கிடக்கிறார்கள். கொந்தராத்து ஆள் கல்லறைக்கும் கொந்தராத்துப் போட்டுக்கொண்டா போவான்? அவனுடைய பாஸ்போட்டைக் கொடு!"

வேலைத்தளமே திரும்பிப் பார்த்தது. முதலாளியின் முகம் கறுத்துவிட்டது. சரி, எடுத்துக்கொள்ளட்டும் என்றார். ஆனால் இரும்புப் பெட்டியின் சாவி கந்தோர்ப் பெண்ணிடம். அவள் தேசிய தின விடுமுறைக்குப் பக்கத்துத் தீவிலுள்ள உறவினர் வீட்டுக்குப் போய்விட்டாள். அவள் திரும்பி வருவதற்குள் என் விமானம் போய்விடும். ஒரு நாட்டின் சுதந்திர தினத்துக்காக என் கடவுச்சீட்டு பூட்டுக்குள்ளேயே கிடந்தது. இதை யாரிடம் போய்ச் சொல்லி அழ? அடிமைச் சங்கிலியை அறுத்தவர்கள் சங்கிலியைக் கடலில் எறியவில்லை. பெட்டிக்குள் வைத்திருக்கிறார்கள், எங்களுக்காக. எங்கள் நாட்டிலும் அப்படித்தான். சின்ன நாடுகள் பெரியவனிடமிருந்து கொடியை வாங்கும்போது சாவிக்கொத்தையும் சேர்த்து வாங்கிக்கொள்கின்றன.

அந்துவானுக்கு நன்றி சொல்லப் போனேன். அவர் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. "உனக்காகக் கத்தவில்லை. உன் ஆட்களை முதலில் என் தீவிலிருந்து எழும்பச் சொல்."

அன்றைக்கு எனக்கும் எங்கிருந்தோ சத்தம் வந்தது. "அவர்கள் கம்பிக்குள் இருக்கிறார்கள்!"

அவர் என்னைப் பார்த்தார். "யார் போட்ட கம்பி?"

"இங்கிலீசுக்காரன் போட்ட கம்பி."

அவர் நிலத்தில் துப்பினார். மண்வெட்டியை எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

தேசிய தினத்தன்று நாட்டுக்காரர்களுக்கு விடுமுறை. கொந்தராத்து ஆட்களாகிய எங்களுக்கு வேலை. அன்றைக்குத்தான் ஸப்னாவின் நிக்காஹ். ஹோட்டலின் இரண்டாம் மாடியில் குளியலறைக்கு டைல்ஸ் பதித்துக்கொண்டிருந்தபோது ஊரிலிருந்து வீடியோ அழைப்பு வந்தது. என் தம்பியை எனக்குப் பதிலாக நியமிக்கிறேன் என்று நிக்காஹ் நடத்தும் மௌலவியிடம் சொல்ல வேண்டும். ரிபாஸ் தொலைபேசியை என் முகத்துக்கு நேரே பிடித்தான். கீழே வீதியில் கார்கள் ஹோர்ன் அடித்துக்கொண்டு போயின. மௌலவி, "கேக்குதில்ல, சத்தமா செல்லுங்க வாப்பா," என்றார். "இன்னும் சத்தமா." நான் கத்திச் சொன்னேன். என் மகளை இன்னொருவன் கையால் கொடுப்பதற்கு, மற்றவர்களுடைய விடுதலையின் இரைச்சலுக்கு மேலாகக் கத்தினேன்.

திரையில் தம்பி மாப்பிள்ளையின் கையைப் பிடித்தான். கூடத்து வெளிச்சத்தில் இரண்டு கைகளும் அருகே தெரிந்தன. அப்போது ரிபாஸ், "காக்கா," என்று மெதுவாகக் கூப்பிட்டான். குனிந்து பார்த்தேன். என் வலது கை தன்பாட்டில் முன்னால் நீண்டிருந்தது, விரல்கள் எதையோ பிடித்தபடி மடங்கியிருந்தன. அதில் சீமெந்து காய்ந்துகொண்டிருந்தது.