தராசு பிடித்த மாதா

பற்றிமா அக்கா பாசலுக்கு வந்த முதல் கிழமையிலேயே மாதாவைக் கண்டுபிடித்துவிட்டார். கோயிலில் அல்ல, அரசாங்கக் கட்டடத்தில்.

அது 1985ஆம் ஆண்டின் இலையுதிர் காலம். ஒரு வருடம் முந்தி வந்திருந்த கணவர் சிறில் அண்ணை, ஊரைக் காட்டுவதற்காக அவரை மார்க்ட்பிளாட்ஸுக்குக் கூட்டிப் போயிருந்தார். பழைய நகரத்தின் நடுவிலுள்ள சந்தைத் திடல் அது. அதன் ஒரு பக்கத்தை அடைத்துக்கொண்டு நிற்கிறது றாட்ஹவுஸ். பாசல் நகரம் தனியாகவே ஒரு மாநிலம். சுவிஸ் நாட்டு வழக்கில் ஒரு கன்டோன். அந்தக் கன்டோனின் அரசும் சட்டசபையும் கூடுவது அங்கேதான். சுவர் முழுவதும் செத்தல் மிளகாயின் சிவப்பு. கீழே வளைவு வாசல்கள், மேலே உயர்ந்த சன்னல்கள், அதற்கும் மேலே கோட்டை மதில் போன்ற பற்கள். பக்கத்தில் ஒரு கோபுரம். முகப்பின் நடுவில் பெரிய மணிக்கூடு. மணிக்கூட்டோடு சேர்ந்த சிற்பங்களில் முடி தரித்த ஒரு பெண் நிற்கிறாள். அவளுக்குத் துணையாக ஓர் அரசனும் அரசியும். அரசன் கையில் சின்னதாக ஒரு கோயில்.

"இஞ்சாருங்கோ, மாதா!" என்று பற்றிமா அக்கா டிராம் தண்டவாளத்தில் நின்றே கும்பிட்டாராம்.

"தள்ளி நில்லும், டிராம் வருது. எங்கை மாதா?"

"மணிக்கூட்டடியிலை. பக்கத்திலை ஒராள் கோயிலைத் தூக்கி வைச்சிருக்கிறார். அவர் புனிதராய், அர்ச்சிஷ்டவராய்த்தானே இருக்கோணும்? அப்ப நடுவிலை நிக்கிறது ஆர்?"

"கையிலை வாள் இருக்கப்பா. தராசும் இருக்கு."

"வானதூதர் மிக்கேல் சம்மனசு வாளும் தராசும் வைச்சிருக்கேல்லையே? சம்மனசு வைச்சிருக்கலாம், மாதா வைச்சிருக்கக் கூடாதோ?"

இந்தக் கதையைப் பிறகு சிறில் அண்ணையே எங்கள் வீட்டுக் குசினியில் வைத்து நடித்துக் காட்டுவார். ரைன் ஆற்றின் மறுகரையில், அவர்களுக்கு நேர் மேல்வீட்டில் நாங்கள் இருந்தோம். நாங்கள் சைவக்காரர். ஊரில் பாதி, இங்கே பாதி என்று படித்ததால் எனக்கு ஜெர்மன் வரும். அதனால் அவர்கள் வீட்டுக் கடிதம், டொக்டர், கந்தோர் எல்லாவற்றுக்கும் நான்தான் கூடப் போவேன்.

சிறில் அண்ணை நடித்துக் காட்டாமல் விடும் பகுதி ஒன்று இருந்தது. அதைப் பற்றிமா அக்காவே எனக்குச் சொன்னார். அந்தத் தராசைக் கண்டதும், செய்யாமல் விட்ட ஒரு நேர்த்திக்கடன் தனக்கு நினைவு வந்தது என்றார்.

மன்னாரில் அவருக்கு ஒரு மகன். பெயர் யேசுதாசன், வீட்டில் தாசன். கைக்குழந்தையாக இருந்தபோது காய்ச்சல் ஏறி வலிப்பு வந்தது. பிழைத்தால் மடு மாதாவின் கோயிலில் பிள்ளையைத் தராசில் வைத்து, அவன் எடைக்கு மெழுகுதிரி கொடுப்பதாக அவர் நேர்ந்துகொண்டார். பிள்ளை பிழைத்தான். அடுத்த திருநாளுக்குப் போகலாம், அதற்கடுத்ததற்குப் போகலாம் என்றிருக்கையில் எண்பத்து மூன்று கலவரம் வந்தது. பாதைகள் கெட்டன. அக்காவும் பிள்ளையும் கொழும்பு வழியாகப் புறப்பட ஒழுங்காகியிருந்த நேரத்தில் தாசனுக்குச் சின்னமுத்து அம்மை போட்டது. வெளிநாட்டுக்கு ஆளனுப்பும் முகவர் காத்திருக்கமாட்டேன் என்றார். பிள்ளையைத் தங்கை திரேசாவிடம் விட்டுவிட்டு, ஒரு மாதத்தில் வரவழைக்கலாம் என்று நம்பி அக்கா தனியாக ஏறினார்.

"நேர்ந்ததைச் செய்யாமல் வந்திட்டன், தங்கச்சி. அதுதான் இஞ்சை வந்து தராசைப் பிடிச்சுக்கொண்டு நிக்கிறா."

அன்றே அவர் நேர்த்தியைப் புதுப்பித்துவிட்டார். தாசன் வந்து சேர்ந்தால் மடுவுக்குச் செய்ய வேண்டியதை இந்த மாதாவின் கண் முன்னாலேயே செய்வது என்று.

அவருக்கு ஒரு ஹோட்டலின் சலவைப் பகுதியில் வேலை கிடைத்தது. படுக்கை விரிப்புகளை அயன் பண்ண வேண்டும். எங்கள் வீட்டிலிருந்து அங்கே போக வேறு டிராம் இருந்தாலும், ஆற்றுப் பாலத்தைக் கடந்து மார்க்ட்பிளாட்ஸில் இறங்கித்தான் போவார். சந்தைக்காரர்கள் குடை விரிக்கும் நேரம். கிழங்கும் அப்பிளும் விற்கும் கீசின் என்ற பெண்மணி அவரைக் கண்டால் கையசைப்பார். அக்கா மேலே பார்த்து ஒரு சிலுவை அடையாளம் போட்டுவிட்டு நடப்பார். ஒன்றையே தினமும் பார்த்தால் அதைச் சுற்றியுள்ளதெல்லாம் பழகிவிடும் அல்லவா? எந்த மாதத்தில் வெயில் எந்தச் சன்னலில் விழும், சிவப்புச் சுவர் மழையில் எப்படிக் கறுக்கும், முற்றத்துக் கதவை எந்த ஆள் திறப்பான் என்பதெல்லாம் அவருக்குத் தெரிந்திருந்தது. வாசலருகே பதித்த ஒரு பழைய தகட்டைக் காட்டி, இது என்ன என்று ஒருநாள் என்னிடம் கேட்டார். நானூறு வருடங்களுக்கும் முந்தி வெள்ளம் ஏறி நின்ற உயரம் என்று வாசித்துச் சொன்னேன். தன் தலைக்கு மேலிருந்த அந்த வெள்ளக் குறியைப் பார்த்துவிட்டு, "அப்பவும் மாதா நனையேல்லை" என்றார் திருப்தியாக.

தாசனைக் கூப்பிடுவதற்குக் கொடுத்த விண்ணப்பத்துக்குப் பதில் வரவில்லை. திரேசா தபாற்கந்தோரிலிருந்து தொலைபேசியில் பேசுவாள். சட்டையெல்லாம் கட்டையாகிவிட்டது, மரத்தில் ஏறுகிறான் என்பாள். ரிசீவரை வைத்ததும் சிறில் அண்ணை தொடங்குவார்.

"பிள்ளை வளர வளர நேர்த்தியும் வளருது. இப்பவே ஒரு சாக்கு மெழுகுதிரி வேணும். மாதாட்டைச் சொல்லும், கெதியாய்க் கூப்பிடச் சொல்லி. எங்களுக்குக் கட்டுப்படியாகாது."

"உங்களுக்கு எல்லாம் பகிடி."

"பகிடி விடாட்டி நான் அழோணும். எது வேணும்?"

இரண்டாவது வருடக் கடைசியில், விண்ணப்பம் கொடுத்த கந்தோரிலிருந்து கடிதம் வந்தது. வாசித்துச் சொன்னது நான். இல்லை என்றும் சொல்லவில்லை, ஆம் என்றும் சொல்லவில்லை. சிறில் அண்ணையின் வதிவிட அனுமதி முடிவாகும்வரை பிள்ளையின் விசயம் நிறுத்தி வைக்கப்படும் என்றிருந்தது. அக்கா கேட்டுக்கொண்டு சோறு போட்டார். அன்று யாரும் சரியாகச் சாப்பிடவில்லை.

அந்தக் கிழமைதான் சிறில் அண்ணை, தான் வேலை செய்த உணவகத்தின் சமையற்காரனிடம் இந்த மாதாவைப் பற்றிப் பெருமையாகச் சொல்லப் போனார். அந்த மனிதன் சிரித்தானாம்.

"அது மாதா இல்லையாம், பற்றிமா. யுஸ்தீத்சியாவாம். நீதித் தேவதை. எல்லா நாட்டு நீதிமன்றத்திலையும் நிப்பாளே, அவள். இவங்கள் புரட்டஸ்தாந்துக்காரர், மாதாவை ஏன் சுவரிலை வைக்கப் போறாங்கள் எண்டு கேக்கிறான்."

அக்கா கையிலிருந்த கரண்டியை வைத்தார்.

"அப்ப ரண்டு வருசமாய் நான் ஆரிட்டைக் கேட்டனான்?"

சிறில் அண்ணை பகிடி ஒன்றைத் தேடினார்.

மறுநாள் முதல் அக்கா மற்ற டிராமில் போனார். மடு மாதாவுக்குச் சேர வேண்டியதை யாரோ ஒரு தேவதைக்கு நேர்ந்துவிட்டதால்தான் கடிதம் இப்படி வந்தது என்பது அவர் முடிவு. அவர்கள் பூசைக்குப் போகும் கிளாரா கோயில் பங்குச் சுவாமியிடம் கேட்கலாம் என்று நான் சொன்னேன். "சுவாமி சிரிப்பார்" என்றார். வீட்டில் செபம் சொல்வதும் குறைந்தது. அது எனக்குப் பயமாக இருந்தது. எதையாவது நம்பிக்கொண்டிருந்தால்தான் அந்த வீட்டில் அடுப்பு எரியும் என்பதை நான் பார்த்திருந்தேன்.

எங்கள் பள்ளிக்கூடத்தில், றாட்ஹவுஸைச் சுற்றிக் காட்டும் ஏற்பாடு இருக்கிறது, யாரும் போகலாம் என்று அறிவித்தல் ஒட்டியிருந்தார்கள். மாதாவோ தேவதையோ, அங்கிருப்பவர்களிடமே கேட்டுவிடுவோம் என்று அக்காவை இழுத்துக்கொண்டு போனேன். வரமாட்டேன் என்றவர், "ஆரெண்டு தெரிஞ்சால் மன்னிப்பாவது கேக்கலாம்" என்று சப்பாத்தைப் போட்டார்.

பத்துப் பன்னிரண்டு ஓய்வூதியக்காரர்களும் நாங்களும். நரைத்த குட்டைத் தலைமுடியுள்ள ஒரு பெண்மணி விளக்கிக்கொண்டு போனார். நான் அக்காவின் காதில் தமிழில் சொல்லிக்கொண்டு வந்தேன். 1501இல் பாசல் சுவிஸ் கூட்டமைப்பில் சேர்ந்தது. அந்தப் பெருமையில் சில வருடங்களுக்குள் எழுப்பிய கட்டடம் இந்த நடுப்பகுதி. கோபுரம் பழசு போலத் தெரிந்தாலும் நானூறு வருடம் பிந்திக் கட்டியது. மதிலின் பற்களிலுள்ள கேடயங்கள் அன்று கூட்டமைப்பிலிருந்த மாநிலங்களுடையவை. முற்றத்துச் சுவர்களெல்லாம் ஓவியம். அந்த ஓவியங்களின் முன் எல்லோரும் அண்ணாந்து நிற்க, அக்கா வாசல் பக்கமே பார்த்துக்கொண்டு நின்றார்.

திரும்பத் திடலுக்கு வந்து மணிக்கூட்டைக் காட்டும்போது நான் கையுயர்த்தினேன். கூட்டத்தில் கேள்வி கேட்பது எனக்கு எப்போதும் கடினம். இருந்தாலும் கேட்டேன், அந்தப் பெண் யார்?

"யுஸ்தீத்சியா" என்றார் அவர். அக்காவுக்கு அந்தச் சொல் விளங்கியது. தலையைக் குனிந்தார்.

"ஆனால்" என்று அவர் தொடர்ந்தார், "செய்தபோது அவள் மரியாள். கையில் பாலன் இருந்தான். 1529இல் பாசல் மதம் மாறியபோது மக்கள் கோயில்களுக்குள் புகுந்து சொரூபங்களையெல்லாம் உடைத்தார்கள். இவள் தப்பிவிட்டாள். பிறகு, பதினேழாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கட்டடத்தைப் புதுப்பித்தபோது, பிள்ளையை எடுத்துவிட்டு வாளையும் தராசையும் கொடுத்தார்கள். அன்றிலிருந்து நீதித் தேவதை."

நான் மொழிபெயர்த்தேன். அக்கா சந்தோசப்படுவார் என்று எதிர்பார்த்தேன். அவர் மேலே பார்த்தார்.

"அப்ப பிள்ளை எங்கை?"

"என்னக்கா?"

"பிள்ளையை எடுத்தாங்கள் எண்டு சொல்லுறா. எடுத்து எங்கை வைச்சவங்கள்? கேள்."

கேட்டேன். அந்தப் பெண்மணி தன் கையிலிருந்த தாள்களைப் பார்த்துவிட்டு, இதுவரை யாரும் தன்னிடம் அதைக் கேட்டதில்லை, தனக்குத் தெரியாது என்றார். ஓய்வூதியக்காரர்கள் அடுத்த இடத்துக்கு நகர்ந்தார்கள். அக்கா நகரவில்லை.

"தெரியாதாம், அக்கா."

"ம்." முகத்தைத் துடைத்துக்கொண்டார். "நானூறு வருசமாய் அவவும் பிள்ளையை விட்டிட்டுத் தராசோடை நிக்கிறா. நான் ரண்டு வருசத்திலை கோவிச்சுக்கொண்டு போட்டன்."

திங்கட்கிழமை பழைய டிராமில் போனார்.

சிறில் அண்ணைக்கு வதிவிட அனுமதி கிடைத்தது 1988 தொடக்கத்தில். அதன் பின் பிள்ளையின் பத்திரங்கள் வேகமாக நகர்ந்தன. சித்திரை மாதம், பேர்ணுக்குப் பக்கத்திலுள்ள ஓஸ்டர்முண்டிகனில் மகளிடம் வந்துகொண்டிருந்த யோகாம்பாள் என்ற அம்மாவின் பொறுப்பில் தாசன் விமானமேறினான். சூரிச் விமான நிலையத்துக்கு நானும் போனேன். நீலச் சுவெட்டரும் ஒட்ட வெட்டிய தலையுமாக, கிட்டத்தட்ட ஆறு வயதுப் பையன் யோகாம்பாளின் சேலைக்குப் பின்னால் ஒளிந்துகொண்டான். அக்கா முழந்தாளிட்டுக் கையை நீட்டினார்.

"ஆர் எண்டு சொல்லு பாப்பம்" என்றார் யோகாம்பாள்.

"அன்ரி" என்றான் தாசன், ஊரில் மற்றப் பெண்களைக் கூப்பிடுவது போல.

அவனுக்கு அம்மா என்றால் திரேசாதான். வீட்டுக்கு வந்தும் சாப்பிட்டான், கேட்ட கேள்விக்குப் பதில் சொன்னான், அக்கா தொட்டால் மட்டும் மெல்ல விலகினான். இரவில் சிறில் அண்ணைக்குப் பக்கத்தில் படுத்தான். ஒரு கிழமை இப்படிப் போனது. அக்கா கெஞ்சியும் பார்த்தார், சொக்லேட்டும் கொடுத்துப் பார்த்தார். கடைசியில், "முதல் நேர்த்தியை முடிப்பம்" என்றார்.

சனிக்கிழமைச் சந்தை. கீசின் அம்மாவின் கடைக்குப் பின்னால் கிழங்குச் சாக்கு நிறுக்கும் தட்டுத் தராசு இருந்தது. நான் விசயத்தை ஜெர்மனில் விளக்கினேன். பிள்ளையை நிறுக்க வேண்டும், அந்த எடைக்கு மெழுகுதிரி கொடுக்க வேண்டும், அதை அந்தப் பெண் பார்க்க வேண்டும் என்று மேலே காட்டினேன். கீசின் அம்மா றாட்ஹவுஸைப் பார்த்தார், தாசனைப் பார்த்தார். பிறகு சாக்கை இறக்கிவிட்டு, தட்டைத் தன் மேலங்கியால் துடைத்தார்.

தாசன் ஏறமாட்டேன் என்றான். அக்கா அவனைத் தூக்கினார். வந்த நாளிலிருந்து அப்போதுதான் முதன்முறை தூக்கினார். தட்டில் இறக்கப் போகையில் அது ஆடியது. அந்த நேரம் பார்த்து ஒரு டிராம் மணியடித்துக்கொண்டு மூலையில் திரும்ப, பையன் இரண்டு கையாலும் அவர் கழுத்தைக் கட்டிப் பிடித்துவிட்டான்.

"விழுத்திப் போடாதேங்கோ, அன்ரி!"

"இல்லையப்பன். விழுத்தமாட்டன்."

இறக்கப் பார்த்தால் இன்னும் இறுக்கினான். "என் கிழங்கெல்லாம் இவ்வளவு கரைச்சல் தருவதில்லை" என்றார் கீசின் அம்மா.

சிறில் அண்ணை வழி சொன்னார். "ரண்டு பேரும் ஏறுங்கோ. பிறகு நீர் தனிய ஏறும். கழிச்சுப் பாப்பம்."

அக்கா பிள்ளையோடு ஏறி நின்றார். முள் ஓடி நின்றது. கீசின் அம்மா எடையைப் பலமாகச் சொன்னார். சந்தையில் இருவர் கைதட்டினார்கள்.

"சரி, இப்ப அவனை என்னட்டைத் தாரும்" என்றார் சிறில் அண்ணை.

அக்கா தரவில்லை. இடது கையில் பிள்ளையை வைத்துக்கொண்டு, மணிக்கூட்டடியைப் பார்த்தபடி நின்றார். தாசன் அவர் தோளுக்குள் முகத்தை வைத்திருந்தான்.

"கழிக்க வேண்டாம்" என்றார்.

"என்னது?"

"ரண்டு பேரின்ரை எடைக்கும் குடுப்பம்."

"ஐயோ கடவுளே, மெழுகுதிரி பக்டறி ஒண்டு வாங்கோணும்!" என்று சிறில் அண்ணை தலையில் கை வைத்தார். ஆனால் அவர் கண்ணும் கலங்கியிருந்தது.

ஒரே தடவையில் கொடுக்க முடியவில்லை. அதனால் மாசி மாதத்து மெழுகுதிரித் திருநாளுக்கு ஒவ்வொரு வருடமும் ஒரு பெட்டி என்று கிளாரா கோயில் சுவாமியோடு பேசி முடிவானது. சுவாமி சிரித்தார்தான், ஆனால் அக்கா பயந்த மாதிரி அல்ல. 1989 மாசியில் முதல் பெட்டியைத் தூக்கிக்கொண்டு நாங்கள் நால்வரும் போனோம். நேரே கோயிலுக்குப் போகாமல், பெட்டியை மாதாவுக்குக் காட்டிவிட்டு வர மார்க்ட்பிளாட்ஸைச் சுற்றிப் போக வேண்டும் என்று அக்கா பிடிவாதமாக நின்றார். பனி தூவிக்கொண்டிருந்தது. தாசன் ஒரு மெழுகுதிரியைக் கையில் வைத்துக்கொண்டு முன்னால் நடந்தான். பள்ளிக்கூடத்தில் பழகிய பாசல் ஜெர்மனில் ஏதோ பாடிக்கொண்டு போனவன், திடலில் நின்று அண்ணாந்தான்.

"அம்மா, இவவுக்கும் ஒண்டு குடுத்தால் என்ன? கையிலை இடமில்லையோ?"

"இடமில்லை, ராசா. நீ பிடி" என்றார் பற்றிமா அக்கா.